கடலைக் கடந்த கம்பளி

கி.பி. எட்டாம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து பதினோராம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரையில், நார்வே, ஸ்வீடன், டென்மார்க் என்னும் வடபுலத்து நாடுகளிலிருந்து புறப்பட்டு, மேற்கே கிரீன்லாந்தையும் அதற்கும் அப்பால் வட அமெரிக்கக் கரையையும், கிழக்கே ரஷ்ய நதிகளின் வழியாகக் கான்ஸ்டாண்டிநோபிள் நகரத்தையும் எட்டிய வைக்கிங் மக்களைப் பற்றி எண்ணும்போது, மனக்கண் முன் முதலில் வந்து நிற்பது அவர்களுடைய கப்பல். அலையோடு நெளிந்து கொடுக்கும் அதன் மெல்லிய பலகைகளையும், ஆழமில்லாத ஆற்றிலும் ஏறிச் செல்லும் அதன் வடிவத்தையும், அதைச் செதுக்கிய தச்சர்களின் சாமர்த்தியத்தையும் சரித்திர ஆசிரியர்கள் வேண்டிய மட்டும் புகழ்ந்திருக்கிறார்கள். ஆனால், எவ்வளவு அழகாகச் செதுக்கிய கப்பலும் பாய் விரிக்காத வரையில் துடுப்புக்கு அடிமையே. அந்தப் பாய் பெரும்பாலும் ஆட்டு ரோமத்தால் நெய்யப்பட்டது. ரோமத்தைப் பறித்துச் சிக்கெடுத்து, நூற்று, நெய்து கொடுத்தவர்கள் அந்நாட்டுப் பெண்கள். வைக்கிங்குகளின் கடற்பிரயாணத்தில் பாதிப் பங்கு பெண்களின் கைவேலை என்று சொன்னால், அது உபசார வார்த்தையாகாது. மணியும் மீட்டரும் கிராமும் போட்டுக் கணக்கிட்டுக் காட்டக்கூடிய உண்மை அது.

இந்த உண்மை நெடுங்காலம் மறைந்திருந்ததற்கு ரசாயனமும் ஒரு காரணம். இரும்பு துருவேறியாவது எஞ்சுகிறது. ஓக் மரம் ஈரக் களிமண்ணுக்குள் ஆயிரம் வருஷம் கெடாமல் கிடக்கிறது. கம்பளியும் ஆளிநார்த் துணியுமோ மண்ணிலுள்ள நுண்ணுயிர்களுக்கு இரையாகி, பெரும்பாலான இடங்களில் சுவடின்றி மறைந்துவிடுகின்றன. ஆகவே, கல்லறையைத் தோண்டியவர் கைக்கு வாள் கிடைத்தது. வாள் ஏந்தியவன் உடுத்திய சட்டை கிடைக்கவில்லை. எனினும் உலோகமே சில இடங்களில் துணிக்குக் காவலாகவும் அமைந்தது. ஸ்வீடனில் மேலரன் ஏரியின் நடுவிலுள்ள தீவொன்றில் பிர்கா என்னும் பழைய வர்த்தக நகரம் இருந்தது. அங்கே 1870-களிலிருந்து யால்மர் ஸ்டோல்ப்பே என்னும் ஆராய்ச்சியாளர் ஆயிரத்துக்கு மேற்பட்ட கல்லறைகளைத் திறந்தார். அக்காலத்துப் பெண்கள், தோள்வார் வைத்த மேலாடையை மார்பின் இருபுறமும் முட்டை வடிவான இரண்டு வெண்கலப் பதக்கங்களால் மாட்டிக்கொள்வது வழக்கம். மண்ணுக்குள் அந்த வெண்கலத்திலிருந்து கசிந்த தாமிர உப்புகள் நுண்ணுயிர்களுக்கு நஞ்சாகி, பதக்கத்தின் அடியில் ஒட்டியிருந்த துணியை நகக்கண் அளவுக்காவது அழியவிடாமல் காத்தன. இரும்புக் கருவியின் பக்கத்தில் கிடந்த துணியிலோ, இழை அழிந்தாலும் துரு அதன் உள்ளே புகுந்து அதே வடிவத்தை ஏற்றுக்கொண்டது. அந்தத் துருப்படிவத்தைப் பூதக்கண்ணாடியால் பார்த்தால், இன்றும் சென்டிமீட்டருக்கு எத்தனை இழை என்று எண்ணலாம், நூல் எந்தப் பக்கம் முறுக்கப்பட்டது என்றும் சொல்லலாம். இப்படி எஞ்சிய துணுக்குகளை ஆராய்ந்து அக்னெஸ் யேயர் என்னும் ஸ்வீடிஷ் மாது 1938-ல் வெளியிட்ட நூல், வைக்கிங் ஆடையைப் பற்றிய ஆராய்ச்சிக்கு அஸ்திவாரமாக அமைந்தது. மிக நுண்ணிய கம்பளியும், வெள்ளிச் சரிகை கலந்த பட்டு நாடாக்களும் அந்தத் துணுக்குகளுக்குள் இருந்தன.

இனி அந்தக் கைவேலையை அடியிலிருந்து பார்ப்போம். வடநாட்டின் பழைய குட்டைவால் ஆட்டுக்கு இரண்டு அடுக்கு ரோமம் உண்டு. வெளியே நீண்டு தொங்குவது முரடான, பளபளப்புள்ள, உறுதியான மயிர். மழைநீர் அதன் வழியே வழிந்து ஓடிவிடும். உள்ளே தோலை ஒட்டி இருப்பது குறுகிய, மிருதுவான, சுருண்ட ரோமம். குளிரைத் தடுப்பது அது. கோடையின் தொடக்கத்தில் பழைய ரோமம் தானாகவே வேர் தளர்ந்துவிடுமாகையால், அதைக் கத்தரிக்காமல் கையாலேயே பறித்தெடுத்தார்கள். பிறகு நீண்ட இரும்புப் பற்கள் வைத்த சீப்புகளால் வாரி, இரண்டு வகையையும் தனித்தனியே பிரித்தார்கள். நீண்ட மயிரை இறுக முறுக்கிப் பாவுக்கு நூற்றார்கள்; உள்ரோமத்தைத் தளர முறுக்கி ஊடைக்கு நூற்றார்கள். பாவிழை இழுப்பைத் தாங்கவேண்டும். ஊடையிழை உப்பி விரிந்து இடைவெளியை அடைக்கவேண்டும். ஒரே ஆட்டின் உடம்பில் இயற்கை வைத்திருந்த இந்த இருவகைக் குணத்தையும் கண்டறிந்து, ஒவ்வொன்றையும் அதற்குரிய வேலைக்கு நியமித்தது, தலைமுறை தலைமுறையாகத் தாய் மகளுக்குக் கற்பித்த, பொருள்களின் குணமறியும் ஞானம் என்றே சொல்லவேண்டும்.

நூற்பதற்கு ராட்டை கிடையாது. மரக் கதிரின் அடியில் கல்லாலோ சுடுமண்ணாலோ எலும்பாலோ ஆன ஒரு வட்டைக் கோத்த தக்களிதான் சாதனம். அதைச் சுழற்றித் தொங்கவிட்டால், வட்டின் கனமே சுழற்சியை நீடிக்கச் செய்து நூலை முறுக்கேற்றும். கனமும் அகலமும் உள்ள வட்டு மெதுவாக, நெடுநேரம் சுழலும்; அது பருமனான நூலுக்கு ஏற்றது. சிறிய வட்டு வேகமாகச் சுழன்று சீக்கிரம் ஓய்ந்துவிடும். மெல்லிய நூலுக்கு அதுவே வேண்டும், ஏனெனில் கனமான வட்டைத் தொங்கவிட்டால் மெல்லிய இழை அறுந்துபோகும். வைக்கிங் குடியிருப்புகளில் ஐந்தாறு கிராம் நிறையுள்ள வட்டுகளும் கிடைக்கின்றன; ஐம்பது கிராமுக்கு மேற்பட்டவையும் கிடைக்கின்றன. ஆகையால் ஒரு வீட்டின் மண்ணிலிருந்து எடுத்த வட்டுகளைத் தராசில் இட்டு நிறுத்தால், அந்த வீட்டில் எப்படிப்பட்ட நூல் நூற்கப்பட்டது என்பதை, நூல் ஒரு முழங்கூட எஞ்சாத நிலையிலும் ஊகித்துவிடலாம்.

தறியோ சுவரில் சாய்த்து நிறுத்திய இரண்டு மரக் கால்களும் அவற்றின் மேல் ஒரு குறுக்குக் கட்டையுமே. பாவிழைகள் மேலிருந்து கீழே தொங்கும். அவற்றின் நுனிகளைக் கொத்துக் கொத்தாகச் சேர்த்து, சுடுமண்ணாலோ மாக்கல்லாலோ ஆன துளையிட்ட எடைகளைக் கட்டி விடுவார்கள். நெசவு மேலே தொடங்கிக் கீழே இறங்கும். ஊடையை நுழைத்தபின், இரும்பாலோ திமிங்கில எலும்பாலோ ஆன வாள் போன்ற தட்டுக்கோலால் அதை மேல்நோக்கி அடித்து இறுக்கவேண்டும். உட்கார்ந்து செய்யும் வேலை அன்று இது. நின்றபடியே, அகலத் தறியாயின் இப்புறமும் அப்புறமும் நடந்தபடியே செய்யவேண்டியது.

அந்த எடைகளும் ஆராய்ச்சியாளருக்குப் பேசுகின்றன. 600 கிராம் நிறையும் நான்கு சென்டிமீட்டர் பருமனும் உள்ள ஓர் எடையை எடுத்துக்கொள்வோம். ஓர் இழைக்கு 30 கிராம் இழுப்பு வேண்டுமென்றால், அந்த எடையில் இருபது இழைகளைக் கட்டலாம். எளிய நெசவில் முன்வரிசை ஒன்றும் பின்வரிசை ஒன்றுமாக எடைகள் தொங்குமாகையால், நான்கு சென்டிமீட்டர் அகலத்தில் நாற்பது இழைகள், அதாவது சென்டிமீட்டருக்குப் பத்து இழைகள் அமையும். எடை குறைந்தால் பாவு தளர்ந்து சிக்கும், மிகுந்தால் அறும். ஆக, தறி எரிந்துபோய், துணி மக்கிப்போய், வரிசையாக விழுந்த எடைகள் மட்டும் எஞ்சிய குடிசையிலும், அங்கே நெய்யப்பட்ட துணியின் அகலத்தையும் அடர்த்தியையும் கணித்துச் சொல்ல முடிகிறது.

இந்தக் கணக்கைக் கொண்டு கப்பல் பாய்க்கு வருவோம். டென்மார்க்கின் ரோஸ்கில்ட கடற்கழியில், பகைவர் வராமல் வழியை அடைப்பதற்காகப் பதினோராம் நூற்றாண்டில் மூழ்கடிக்கப்பட்ட ஐந்து கப்பல்களை 1962-ல் அகழ்ந்தெடுத்தார்கள். அவற்றுள் மிக நீளமானது சுமார் முப்பது மீட்டர். அதன் மரத்திலுள்ள ஆண்டு வளையங்களை எண்ணிப் பார்த்ததில், அது 1042-ஆம் ஆண்டளவில் அயர்லாந்தின் டப்ளின் பக்கத்தில் கட்டப்பட்டது என்று தெளிவாயிற்று. அதைப் போலவே கட்டிய பிரதிக் கப்பல் ஒன்று 2007-ல் ரோஸ்கில்டவிலிருந்து டப்ளினுக்குக் கடல் வழியே சென்று, மறு ஆண்டு திரும்பியும் வந்தது. அத்தகைய கப்பலுக்கு 112 சதுர மீட்டர் பாய் வேண்டும். சென்டிமீட்டருக்குப் பத்துப் பாவிழையும் ஐந்து ஊடையிழையும் என்று வைத்துக்கொண்டால், ஒரு சதுர மீட்டர் துணிக்கே ஒன்றரைக் கிலோமீட்டர் நூல் செல்லும். முழுப் பாய்க்கு 168 கிலோமீட்டர். தக்களியில் தேர்ந்த கை ஒரு மணி நேரத்தில் நூற்பது ஏறக்குறைய நாற்பது, ஐம்பது மீட்டர். நாற்பத்தைந்து என்று எடுத்துக்கொண்டாலும், ஒருத்தி நாள்தோறும் பத்து மணி நேரம் இடைவிடாமல் நூற்றால், நூல் மட்டும் முடிவதற்கு ஓராண்டுக்கு மேல் ஆகும். ரோமம் பறித்தல், வாருதல், பாவோட்டுதல், நெய்தல், துண்டுகளைச் சேர்த்துத் தைத்தல் ஆகிய யாவும் அதற்கு மேற்பட்டவை. அன்றியும், கப்பலில் ஏறிய அறுபது பேருக்கு உடை வேண்டும், போர்வை வேண்டும், மழைக்கு மேலங்கி வேண்டும். ஒரு கப்பலின் பாய்க்கு ஆகும் உழைப்பு அதன் உடலைக் கட்டும் உழைப்புக்கு ஏறக்குறைய ஈடாக நிற்கும் என்று, பழைய முறையில் பாய் நெய்து பார்த்தவர்கள் சொல்வதில் வியப்பில்லை.

நெய்து முடித்த பின்னும் வேலை தீர்வதில்லை. கம்பளித் துணியின் கண்களின் வழியே காற்று நழுவிவிடும். ஆதலால் காவிமண், மிருகக் கொழுப்பு, பைன் மரத்துக் கீல் இவற்றைக் கலந்து காய்ச்சிய பூச்சைத் துணிக்குள் தேய்த்துத் தேய்த்து ஏற்றினார்கள். மண்ணின் நுண்துகள் இழைகளின் இடுக்கை அடைக்கும்; கொழுப்பு அதைப் பிடித்துக்கொண்டு நீரையும் விலக்கும். இவ்வாறு பதப்படுத்திய கம்பளிப் பாய்க்கு மற்றொரு நற்குணமும் உண்டு: திடீர்க் காற்று மோதும்போது சற்று நெகிழ்ந்து கொடுத்து, பாய்மரத்தின் மேலும் கப்பலின் உடலின் மேலும் விழும் அதிர்ச்சியைத் தணிக்கும். வட நார்வேயில் ட்ரொன்டனெஸ் என்னும் ஊரின் பழைய மாதா கோயிலில், வைக்கிங் காலத்துக்குப் பிற்பட்ட மத்திய காலக் கம்பளிப் பாய்த் துண்டு ஒன்று கிடைத்திருக்கிறது. அந்தத் துண்டின் நூலையும் நெசவையும் பார்த்தே, இக்காலத்து டேனிஷ், நார்வேஜியக் கைவினைஞர்கள் கம்பளிப் பாய்களை மீண்டும் நெய்து, பிரதிக் கப்பல்களில் கட்டிக் கடலில் ஓட்டிப் பார்த்தார்கள்.

பாய் கட்டிச் சென்ற கப்பல்களில் பெண்களும் சென்றார்கள். கனடாவின் நியூஃபவுண்ட்லாந்துத் தீவில் லான்ஸ் ஓ மெடோஸ் என்னும் இடத்தில் 1960-களில் ஆன் ஸ்டீன இங்ஸ்டாட் என்னும் நார்வேஜிய மாதின் தலைமையில் நடந்த அகழாய்வில், வைக்கிங்குகள் தங்கிய வீடுகள் வெளிப்பட்டன. அங்கே கிடைத்த அற்பமான பொருள்களுள் மாக்கல்லால் ஆன தக்களி வட்டு ஒன்றும் இருந்தது. கொலம்பஸுக்கு ஏறக்குறைய ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன்பே அட்லாண்டிக்கைக் கடந்த கூட்டத்தில் பெண்களும் இருந்தார்கள் என்பதற்கு அந்தச் சிறு வட்டே தலைசிறந்த சான்று.

ஐஸ்லாந்தில் கம்பளிக்கு இதனினும் பெரிய ஸ்தானம் வாய்த்தது. குடியேறியவர்கள் கொண்டுவந்த வெள்ளி நாளடைவில் கைமாறித் தீர்ந்துபோகவே, நாட்டில் வெள்ளிச் சுரங்கமும் இல்லாமல் நல்ல மரமும் இல்லாமல் இருந்த அம்மக்கள், வாத்மால் என்னும் கம்பளித் துணியையே பணமாக வழங்கத் தொடங்கினார்கள். அதன் அகலமும் தரமும் சட்டத்தால் வரையறுக்கப்பட்டன. இத்தனை முழத் துணிக்கு இவ்வளவு மதிப்பு என்று விகிதம் குறித்து, கடனும் அபராதமும் வரியும் அதிலேயே செலுத்தப்பட்டன. துணி நாணயமான நாட்டில், தறி இருந்த அறையே நாணயச் சாலையாயிற்று. அங்கே நின்று வேலை செய்தவர்கள் பெண்கள். நார்வேயிலிருந்து தானியமும் மரமும் வந்திறங்கியது அவர்கள் அடித்து இறுக்கிய ஊடைக்கு ஈடாகத்தான்.

இத்தொழிலின் உச்ச நிலையை அறிய வேண்டுமானால் நார்வேயின் ஓஸபெர்க் பண்ணைக்குப் போகவேண்டும். அங்கே 1904-ல் ஒரு மண்மேட்டைத் தோண்டியபோது, இருபத்தொரு மீட்டருக்கு மேல் நீளமுள்ள ஓக் மரக் கப்பல் ஒன்று வெளிப்பட்டது. அதனுள் அடக்கம் செய்யப்பட்டிருந்தவர்கள் இரண்டு பெண்கள். ஒருத்தி எழுபது வயதைக் கடந்த கிழவி, மற்றவள் ஐம்பதை ஒட்டிய வயதினள். ஈமக் கிரியை நடந்தது 834-ஆம் ஆண்டு என்பது மரத்தின் வளையங்களிலிருந்து தெரியவந்தது. சித்திர வேலைப்பாடு நிறைந்த வண்டி, பனிச்சறுக்கு வண்டிகள், கட்டில், சமையல் சாமான்கள் ஆகியவற்றோடு, தறியும் தக்களியும் நூல் சுற்றும் சட்டமும் அவர்களுடன் வைக்கப்பட்டிருந்தன. குதிரைகளும் வண்டிகளும் மனிதர்களும் ஊர்வலமாகச் செல்லும் காட்சியை ஒரு சாண் அகலமே உள்ள நீண்ட பட்டையில் நெய்து காட்டிய சித்திரத் துணியும், தூரதேசங்களிலிருந்து வந்த பட்டின் நூற்றுக்கு மேற்பட்ட துணுக்குகளும் கிடைத்தன.

அவை எல்லாவற்றிலும் கூர்ந்து பார்க்கத்தக்கது ஒரு சிறு கருவி. உள்ளங்கைக்குள் அடங்கும் சதுரமான மெல்லிய தகடுகள் ஐம்பத்திரண்டு ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கப்பட்டு, அவற்றின் மூலைத் துளைகளில் நூல் கோத்தபடியே, நெசவு முடியாத நிலையில் இருந்தன. இந்தத் தகடுகளைக் கால்சுற்றுத் திருப்பும்போதெல்லாம் மேலிருந்த இழை கீழே போகும், கீழிருந்தது மேலே வரும். அந்த இடைவெளியில் ஊடையைச் செலுத்தவேண்டும். ஒவ்வொரு தகட்டின் இழைகளும் சிறு கயிறுபோல் முறுக்கிக்கொள்ள, ஊடை அக்கயிறுகளைப் பக்கம் பக்கமாகப் பிணைத்து உறுதியான நாடாவாக்கும். எந்தத் தகட்டை முன்னே திருப்புவது, எதைப் பின்னே திருப்புவது என்பதைப் பொறுத்துப் பூவும் கோலமும் தோன்றும். எழுதி வைத்த குறிப்பு எதுவும் இன்றி, ஐம்பத்திரண்டு தகடுகளின் போக்கையும் நினைவில் நிறுத்தி, விரலால் எண்ணி நெய்ததை, கணித புத்தியின் காரியம் என்றுதான் மதிக்கவேண்டும்.

இத்தனை சிறப்பு வாய்ந்த புதையலை உலகம் எவ்வாறு வாசித்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். ஓஸபெர்க் கப்பலையும் மரச்சிற்பங்களையும் மற்றப் பொருள்களையும் பற்றிய பெருந்தொகுதிகள் 1917-லிருந்து 1928-க்குள் வெளிவந்துவிட்டன. துணிகளைப் பற்றிய தொகுதி வெளிவந்தது 2006-ல். இழைகள் எளிதில் நொறுங்குபவை, ஆராய்வது கடினம் என்பது மெய்யே. ஆயினும் எதை முதலில் ஆராயத்தக்கதாக அறிஞர் உலகம் கருதியது என்பதும் அந்த நீண்ட இடைவெளியில் தெரிகிறது. பிர்காவில் 1878-ல் திறக்கப்பட்ட ஒரு கல்லறையில் வாளும் கோடரியும் இரண்டு குதிரைகளும் இருந்ததால், அது வீரன் ஒருவனுடையது என்றே நெடுங்காலம் எழுதி வந்தார்கள். 2017-ல் வெளியான மரபணுச் சோதனை அந்த எலும்புகள் ஒரு பெண்ணுடையவை என்று காட்டியதும் பத்திரிகைகள் எல்லாம் அதைக் கொண்டாடின. கொண்டாடியது நியாயமே. ஆனால் பெண்ணின் கையில் வாள் இருந்தால்தான் அவள் சரித்திரத்துக்குள் வரலாம் என்று நினைத்துவிடலாகாது. அதே பிர்காவில் ஊசிக்கூடும் கத்தரிக்கோலும் தக்களி வட்டும் வைத்து அடக்கம் செய்யப்பட்ட பெண்கள் பலர், தாங்கள் செய்த காரியத்தாலேயே சரித்திரத்தை நடத்தியவர்கள்.

அவர்களுடைய வாழ்க்கை முழுவதும் சௌக்கியமாக இருந்தது என்று யாரும் எண்ண வேண்டாம். பண்ணை வீட்டின் எஜமானிக்கு அதிகாரம் இருந்தது. பத்தாம் நூற்றாண்டில் வைக்கிங்குகளின் ஹெடெபி நகரத்துக்கு வந்த ஸ்பெயின் தேசத்துப் பிரயாணி இப்ராஹிம் இப்னு யாகூப், அங்கே பெண்கள் தாம் விரும்பினால் விவாகத்தை ரத்து செய்துகொள்ளலாம் என்று வியப்போடு குறித்தார். ஆனால், அதே காலத்தில் அயர்லாந்திலும் பிரிட்டனிலும் பிடிக்கப்பட்ட பெண்கள் அடிமைகளாக விற்கப்பட்டார்கள். ஐஸ்லாந்து மக்களின் மரபணுவை ஆராய்ந்தவர்கள், முதலில் குடியேறிய ஆண்களில் பெரும்பாலோர் ஸ்காண்டிநேவியர் என்றும், பெண்களில் பாதிக்கு மேற்பட்டோர் பிரிட்டிஷ் தீவுகளிலிருந்து வந்தவர்கள் என்றும் கண்டிருக்கிறார்கள். அவர்களுள் விரும்பி வந்தவர்களும் உண்டு, இழுத்து வரப்பட்டவர்களும் உண்டு. பாயின் நூலில் எஜமானியின் விரலும் அடிமைப்பெண்ணின் விரலும் கலந்தே இருந்தன. அந்த உழைப்பைப் போற்றும்போது, அதில் பலவந்தமாகப் பெற்றதும் கலந்திருந்தது என்பதை மறப்பது அப்பெண்களுக்கு இரண்டாம் முறை இழைக்கும் அநீதியாகும்.

அக்காலத்துக் கைவினைப் பெண்களில் ஒருத்தியின் பெயரை மட்டும் அவளுடைய தாய் கல்லில் வெட்டுவித்தாள். ஓஸ்லோவுக்கு வடக்கே ஹாடலாந்த் வட்டாரத்தில் டின்னா என்னும் இடத்தில் நின்ற அந்த உயரமான கல், பதினோராம் நூற்றாண்டின் நடுப்பகுதியைச் சேர்ந்தது. இன்று ஓஸ்லோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது. குன்வோர் என்பவள், இறந்துபோன தன் மகள் அஸ்ட்ரிட்டின் நினைவாக ஒரு பாலம் அமைத்ததை ரூனிக் எழுத்துக்களில் அதில் பொறித்து, அந்த வட்டாரத்திலேயே கைத்திறனில் மிகச் சிறந்தவள் தன் மகள் என்றும் எழுதச் செய்தாள். வீரர்களின் பெயரைத் தாங்கிய கற்கள் நிறைந்த பூமியில், ஒரு பெண்ணின் கை கற்றிருந்த வித்தைக்காக எழுந்த கல் அது. அக்காலத்து ஜனங்கள் கைத்திறனைப் புகழாகவே மதித்தார்கள் என்பதற்கு இதைவிட நேரான சாட்சியம் வேண்டியதில்லை.

அந்த மதிப்பை நாமும் திருப்பித் தருவதற்கு வழி இருக்கிறது. ஓர் அகழ்விடத்தில் தக்களி வட்டுகளும் தறி எடைகளும் கிடைத்தால், இத்தனை கிடைத்தன என்று எண்ணிப் பெட்டியில் போட்டுவிடாமல், ஒவ்வொன்றையும் நிறுத்து, அளந்து, எந்த அறையில் எந்த வரிசையில் கிடந்தது என்று குறித்து வைக்கவேண்டும். பத்து கிராம் வட்டு ஒன்று நூலின் நுண்மையைச் சொல்லும். நூல் துணியின் அளவைச் சொல்லும். துணி அதற்குச் சென்ற மணி நேரத்தைச் சொல்லும். அந்த மணி நேரங்களைக் கூட்டிப் பார்த்த பிறகு எழுதும் சரித்திரத்தில், கப்பலைக் கட்டியவனும் பாயை நெய்தவளும் ஒரே பக்கத்தில், ஒரே அளவு எழுத்தில் இடம் பெறுவார்கள்.